உங்களுக்குத் தெரியுமா? மஹசீரைத் தேடி ஒரு மிதவைப் பயணம்

மழை ஓய்ந்து ஆறுகள் தெளியத் தொடங்கினால் தூண்டில்காரர்களுக்குக் கை சும்மா இருக்காது. சாலை எட்டாத ஆற்றில் ராஃப்டை இறக்கி, பகலெல்லாம் மிதந்தபடி ஃபிளை தூண்டில் வீசி, இரவில் மணல் திட்டில் கூடாரம் அடித்து, விடிந்ததும் இன்னும் கீழே போக வேண்டும் என்ற ஆசை புனேயிலும் பலருக்கு உண்டு. அந்த ஆசையைத் திட்டமாக மாற்றும் முன் தெரிந்துகொள்ள வேண்டியவை இங்கே. தூண்டில் வாங்க ஒரு நாள் போதும். ஆற்றைத் தெரிந்துகொள்ளத்தான் காலம் பிடிக்கும்.

மீனுக்குப் பெயர் கிடைத்தது புனே ஆற்றில்

நீலத்துடுப்பு மஹசீர் என்று உலகம் அறிந்த மீனை அறிவியல் ஏட்டில் முதலில் பதிந்தவர் கர்னல் வில்லியம் ஹென்றி சைக்ஸ். ஆண்டு 1839. மீன் கிடைத்த இடமாக அவர் குறித்தது, புனேக்குக் கிழக்கே 8 மைல் தொலைவில் ஓடும் முளா-முட்டா ஆறு. பம்பாய் அரசுக்குப் புள்ளிவிவரம் திரட்டும் பொறுப்பில் தக்காணத்தைச் சுற்றிவந்த சைக்ஸ், பறவைகளையும் மீன்களையும் கூடவே பதிவு செய்தார். இன்று அதே ஆறு நகரத்தின் கழிவைச் சுமந்து ஓடுகிறது. தொலைதூர ஆற்றுக்கு ஆசைப்படும் புனேக்காரர் ஒவ்வொருவருக்கும் இந்தச் செய்தி உறுத்த வேண்டும்.

தூண்டிலுக்கு இலக்கணம் எழுதிய அரசர்

தூண்டில் விளையாட்டு வெள்ளைக்காரர்கள் கொண்டுவந்தது என்று நினைப்பவர்கள் பலர். தக்காணத்தை ஆண்ட கல்யாணிச் சாளுக்கிய மன்னர் மூன்றாம் சோமேசுவரர், 12-ஆம் நூற்றாண்டில் இயற்றிய ‘மானசோல்லாசம்’ என்ற சமஸ்கிருத நூலில் ‘மத்ஸ்ய வினோதம்’ என்று தனிப் பகுதியே வைத்திருக்கிறார். எந்த மீன் எங்கே வாழும், அதற்கு என்ன இரை போட வேண்டும், கோலும் கயிறும் எப்படி இருக்க வேண்டும் என்று விரிவாகப் பேசுகிறது அது. மீனியல் அறிஞர் சுந்தர்லால் ஹோரா 1951-இல் இந்தப் பகுதியை ஆராய்ந்து கட்டுரை வெளியிட்டார்.

ஃபிளை என்பது பொய்ப்பூச்சி

கி.பி. 200-ஐ ஒட்டி எழுதிய ஏலியன் என்ற ரோமானியர், மாசிடோனிய ஆற்றங்கரை மக்கள் சிவப்புக் கம்பளி நூலையும் சேவலின் இறகையும் தூண்டில் முள்ளில் சுற்றிப் பூச்சிபோல் ஆக்கி மீன் பிடித்ததைக் குறித்திருக்கிறார். இன்றைய ஃபிளையும் அதே வகைதான். முள்ளின் மீது இறகு, முடி, நூல் கொண்டு கட்டிய பொய்யிரை. பூச்சியாக மட்டுமல்ல, சிறு மீனாகவும் நண்டாகவும்கூடக் கட்டுவார்கள். மஹசீர் பூச்சி, நண்டு, குஞ்சு மீன், பாசி, கரையோர மரத்திலிருந்து விழும் பழம் என்று எதையும் தின்னும். அதனால் இந்த ஆற்றில் இந்தப் பருவத்தில் அது எதைத் தின்கிறது என்று உள்ளூரில் கேட்டுத் தெரிந்துகொண்டு ஃபிளைகளைக் கட்டி எடுத்துப்போவது நல்லது.

எடை நூலில்

சாதாரணத் தூண்டிலில் ஈயக்குண்டின் எடை நூலை இழுத்துச் செல்லும். ஃபிளை தூண்டிலில் இரைக்கு எடையே கிடையாது என்று சொல்லலாம். தடித்த நூலின் எடைதான் சாட்டை சொடுக்கியதுபோல் இரையை முன்னே கொண்டுபோகிறது. நூலின் முதல் 30 அடி என்ன எடை என்பதை வைத்து எண் கொடுக்கிறார்கள். 8-ஆம் எண் நூலில் அந்த 30 அடியின் எடை சுமார் 13.6 கிராம். சிற்றோடை டிரவுட்டுக்கு 4 அல்லது 5 போதும். மஹசீருக்கு 8 முதல் 10 வரை. கோலிலும் அதே எண் அச்சிட்டிருக்கும். இரண்டும் பொருந்தாவிட்டால் வீச்சு வராது.

பல் தொண்டைக்குள்

மஹசீரின் தாடையில் பல் இல்லை. ஆனால் தொண்டைக்குள் வரிசையாகப் பற்கள் உண்டு. நண்டு ஓட்டை நொறுக்குவது அவைதான். இரையைக் கவ்வியதும் அது செய்யும் முதல் வேலை, நீரோட்டத்தோடு சேர்ந்து கீழ்நோக்கிப் பாய்வது. ஆகவே சுருளில் ஃபிளை நூலுக்குப் பின்னால் நீளமான துணைநூல் சுற்றியிருக்க வேண்டும். மிதவையில் இருப்பவருக்கு ஒரு வசதி, நூல் தீர்ந்தால் படகை மீனின் பின்னாலேயே ஓட்டலாம்.

எந்த ஆறு?

அசாமில் நமேரி தேசியப் பூங்காவை ஒட்டி ஓடும் ஜியா பராலி, மிதந்தபடி மஹசீர் தேடுவதற்குப் பல்லாண்டுகளாகப் பெயர் பெற்றது. அருணாசலத்தில் இதே ஆற்றுக்குப் பெயர் காமெங். சியாங்கும் சுபன்சிரியும் பல நாள் மிதவைப் பயணத்துக்கு ஏற்ற பெரிய ஆறுகள். உத்தராகண்டில் சரயு, மகாகாளியோடு சேரும் பஞ்சேஸ்வரம் இன்னொரு புகழ்பெற்ற இடம். கூடுதுறைகள் எல்லாமே முக்கியமானவை. பனிநீர் கலங்கி வரும் பேராற்றில் தெளிந்த சிற்றாறு கலக்கும் இடத்தில் பொன் மஹசீர் இரைக்குக் காத்திருக்கும். வரைபடத்தில் முதலில் குறிக்க வேண்டியவை இந்தக் கூடுதுறைகள், பிறகு மடுக்கள்.

நம் ராஃப்ட், பரிசல்

மிதவைப் பயணத்துக்கு ரப்பர் படகுதான் வேண்டும் என்பதில்லை. கர்நாடகக் காவிரியில் பீமேஸ்வரி, காலிபோரே, தொட்டமக்கலி முகாம்களில் மஹசீர் தேடியவர்கள் போனது மூங்கில் பரிசலில். அடிப்பக்கம் தட்டையாக இருப்பதால் முழங்கால் ஆழமே உள்ள பாறைத் தண்ணீரிலும் அது வழுக்கிப் போகும். ஓட்டத்தோடு கீழே போய், திரும்பும்போது தலையில் கவிழ்த்துக் கரை வழியே நடந்து வந்துவிடலாம். அங்கே இரை பெரும்பாலும் கேழ்வரகு உருண்டை.

120 பவுண்டு

1946-இல் மைசூரைச் சேர்ந்த வேன் இங்கென் என்பவர் கபினி ஆற்றில் பிடித்த மஹசீரின் எடை 120 பவுண்டு, அதாவது சுமார் 54 கிலோ. தூண்டிலில் சிக்கிய மஹசீர்களில் இன்றுவரை இதுவே சாதனை. விலங்குகளைப் பாடம்செய்யும் தொழிலில் பெயர் பெற்ற குடும்பம் அவருடையது. அதன்பின் காவிரியில் பெரிய மஹசீர் முடிந்துபோனது என்றே பலரும் எண்ணினார்கள். 1970-களின் இறுதியில் வந்த மூன்று பிரிட்டிஷ் இளைஞர்களின் தூண்டில் பயணம்தான் அது இன்னும் இருக்கிறது என்று உலகுக்குக் காட்டியது.

எப்போது போகக் கூடாது?

மஹசீர் மழைக்காலப் புதுவெள்ளத்தில் எதிரேறிச் சிற்றாறுகளுக்குப் போய், சரளைக் கற்களுக்கிடையே முட்டையிடும். அந்த மாதங்களில் அதை விட்டுவிட வேண்டும். கலங்கல் நீரில் ஃபிளை மீனுக்குத் தெரியவும் தெரியாது. இமய ஆறுகளில் பனி உருகி நீர் ஏறும் முன் வசந்தத்திலும், மழை ஓய்ந்து நீர் தெளியும் அக்டோபர், நவம்பரிலும் இரண்டு பருவங்கள் அமையும். விடுமுறை கிடைக்கும் வாரத்தைப் பார்த்து ஆற்றைத் தேர்ந்தெடுக்காதீர்கள். ஆற்றின் பருவத்தைப் பார்த்து விடுமுறை கேளுங்கள்.

சிம்லா ஆபிஸ் தரும் துணை

புனே சிவாஜிநகரில் எந்த ஆட்டோக்காரரிடமும் சிம்லா ஆபிஸ் என்றால் தெரியும். இந்திய வானிலைத் துறை 1928-இல் தன் தலைமையகத்தைச் சிம்லாவிலிருந்து இங்கே மாற்றியதால் வந்த பெயர். தலைமையகம் பின்னர் தில்லிக்குப் போனாலும் துறையின் பருவநிலை ஆய்வுப் பணிகள் புனேயில் தொடர்கின்றன. அடுத்த நான்கு வாரங்களுக்கான நீட்டிப்பு முன்னறிவிப்பை வானிலைத் துறை வியாழன்தோறும் வெளியிடுகிறது. புறப்படும் நாளுக்கு நான்கு வாரம் முன்பிருந்தே அதைத் தொடர்ந்து பார்த்துவந்தால், பயணத்தை வைத்துக்கொள்வதா தள்ளிப்போடுவதா என்ற முடிவு தானாகத் தெளியும்.

ஊரில் தூறல், மலையில் பிரளயம்

புனே நகரில் ஆண்டுக்கு 750 மி.மீ.-ஐ ஒட்டித்தான் மழை. காரில் இரண்டு மணி நேரத் தொலைவில் உள்ள தாம்ஹிணி கணவாயில் 5,000 மி.மீ.-ஐத் தாண்டும் ஆண்டுகள் உண்டு. தலைக்கு மேல் நீலவானம் தெரிகிறது என்பதால் ஆறு ஏறாது என்று எண்ணிவிடாதீர்கள். ஆற்றின் நீர்மட்டத்தை முடிவு செய்வது அது பிறக்கும் மலையில் பெய்யும் மழை. கூடாரத்தை நீர்விளிம்பிலிருந்து உயரத்தில் அடிப்பதும், விளிம்பில் ஒரு குச்சியை நட்டு இரவில் எழுந்து பார்ப்பதும் பழகிய ஆற்றுக்காரர்களின் வழக்கம்.

கன அடி படிக்கக் கற்றுக்கொள்ளுங்கள்

கடக்வாஸ்லா அணையிலிருந்து வினாடிக்கு இத்தனை கன அடி திறக்கிறார்கள் என்ற செய்தி வந்தால், பிடே பாலம் மூழ்குமா என்று புனேக்காரர்கள் உடனே கேட்பார்கள். தொலைதூர ஆற்றுக்கும் இதே பழக்கம் வேண்டும். மேலே அணை இருக்கிறதா, மின் உற்பத்திக்கு எந்த நேரம் நீர் விடுகிறார்கள், எத்தனை கன அடியில் நீங்கள் தங்கும் மணல் திட்டு மூழ்கும் என்பது கையில் எழுதிவைத்திருக்க வேண்டிய விவரம். 1961 ஜூலை 12-இல் பான்ஷேத் அணை உடைந்து முட்டாவின் கரையோரப் பேட்டைகளை வெள்ளம் அழித்ததைப் புனே இன்னும் மறக்கவில்லை.

ஆற்றை ஆராயும் கடக்வாஸ்லா

கடக்வாஸ்லா அணைக்கு அருகிலேயே மத்திய நீர் மற்றும் மின்சக்தி ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. 1916-இல் தொடங்கியது. நாட்டின் பல ஆறுகளையும் துறைமுகங்களையும் சிறு அளவு மாதிரியாகக் கட்டி, அதில் தண்ணீரை ஓடவிட்டு, கரை எங்கே அரிக்கும், மணல் எங்கே படியும் என்று இங்கே பார்க்கிறார்கள். மிதவையில் போகிறவருக்கும் இதே பாடம்தான். வளைவின் வெளிப்பக்கம் ஆழமும் வேகமும். உட்பக்கம் மணலும் அமைதியும். படகை ஒதுக்குவது உட்பக்கம், மீனைத் தேடுவது இரண்டும் சந்திக்கும் கோட்டில்.

பழகிப் பார்க்கக் குண்டலிகா

பல நாள் பயணத்துக்கு முன் ராஃப்டில் ஏறிப் பழக, புனேயிலிருந்து போய்வரும் தொலைவில் கோலாட் இருக்கிறது. அங்கே குண்டலிகா ஆற்றில் கோடையிலும் நீர் ஓடுவதற்குக் காரணம், முல்ஷி அணை. இயல்பாகக் கிழக்கே ஓடி பீமா, கிருஷ்ணா வழியாக வங்கக் கடலைச் சேர வேண்டிய முளாவின் நீர், முல்ஷியிலிருந்து மேற்கே பீரா மின்நிலையத்துக்கு இறக்கப்பட்டு, குண்டலிகா வழியாக அரபிக் கடலுக்குப் போகிறது. அந்த அணையால் நிலம் இழந்த மாவளா விவசாயிகள் 1921-இல் தொடங்கிய முல்ஷி சத்தியாகிரகத்துக்குத் தலைமை ஏற்ற பாண்டுரங்க மகாதேவ் பாபட், அதன் பிறகே ‘சேனாபதி’ பாபட் ஆனார். அந்த நீரில் மிதக்கிறவர்கள் இந்த வரலாற்றையும் அறிந்திருப்பது முறை.

1 முதல் 6 வரை

வெள்ளப் பாய்ச்சல்களின் கடினத்தை உலகெங்கும் 1 முதல் 6 வரை தரம் பிரிக்கிறார்கள். 1 என்றால் சிற்றலை, 6 என்றால் உயிருக்கே ஆபத்து. தூண்டில் வீச ஏற்றது 1, 2. இடையிடையே 3 வந்தால் கோல்களைக் கட்டிவைத்துவிட்டுத் துடுப்பை எடுக்க வேண்டும். நீர் ஏறினால் அதே பாய்ச்சலின் தரமும் ஏறிவிடும் என்பதை மறக்க வேண்டாம்.

கடக்கும் தூரத்தைக் குறைத்துப் போடுங்கள்

சாகசத்துக்காகப் போகும் ராஃப்ட் ஒரே நாளில் கடக்கும் தூரத்தை மீன் தேடிப் போகும் ராஃப்ட் கடக்காது. ஒவ்வொரு மடுவிலும் அது நிற்கும். முதல் முறை போகிறவர்கள் தூரத்தை அதிகமாகப் போட்டுவிட்டு, நல்ல மடுக்களை எல்லாம் விட்டுவிட்டு ஓட நேர்கிறது. நடுவே ஒரு முழு நாளை எங்கும் நகராமல் தங்குவதற்கு வைத்துக்கொண்டால் மழைக்கும் உடல்நலக் குறைவுக்கும் அதுவே கைகொடுக்கும். நடுவழியில் சாலையை அடையக்கூடிய இடங்களையும் முன்பே குறித்து வையுங்கள்.

அனுமதிகள் பல அடுக்கு

அருணாசலத்துக்குப் போக மற்ற மாநில இந்தியருக்கும் உள்நுழைவு அனுமதி வேண்டும். அதன் வேர் 1873-இல் வந்த வங்காளக் கிழக்கு எல்லைப்புற ஒழுங்குமுறைச் சட்டம். மீன்வளத் துறையின் தூண்டில் உரிமம் வேறு. வனத் துறை அனுமதி வேறு. தேசியப் பூங்காவுக்கும் சரணாலயத்துக்கும் உள்ளே தூண்டில் எடுத்தால் சட்டம் பாயும். மகாராஷ்டிரத்தில் 2021-இல் வந்த சாகசச் சுற்றுலாக் கொள்கைப்படி ராஃப்டிங் நடத்துவோர் பதிவு செய்திருக்க வேண்டும். பணம் கட்டும் முன் அந்தப் பதிவைக் கேட்டு வாங்கிப் பாருங்கள்.

சாட்டிலைட் போன்: எச்சரிக்கை

சிக்னல் இல்லாத இடத்துக்குப் போகிறோமே என்று வெளிநாட்டு நண்பர் கொண்டுவரும் சாட்டிலைட் போனை நம்பிக் கிளம்பாதீர்கள். இந்தியாவில் அரசு அனுமதியின்றி அதை வைத்திருப்பது குற்றம். விமான நிலையங்களில் சுற்றுலாப் பயணிகள் பிடிபட்டிருக்கிறார்கள். மாற்று வழி எளியது. எந்த நாள் எந்தத் துறையில் இருப்போம், எந்த நாளுக்குள் வராவிட்டால் தேடி வர வேண்டும் என்று எழுதி வீட்டிலும், பக்கத்துக் காவல் நிலையத்திலும், கடைசி ஊரின் பெரியவரிடமும் கொடுத்துவிட்டுப் போங்கள்.

லோணாவளாவில் மஹசீர் பண்ணை

புனேயிலிருந்து மும்பை போகும் வழியில் லோணாவளா. அங்கே வால்வண் ஏரிக்கரையில் டாடா பவர் நிறுவனம் 1970-களின் தொடக்கத்திலிருந்து மஹசீர் குஞ்சுகளைப் பொரித்து வளர்க்கிறது. மீனியல் அறிஞர் சி.வி. குல்கர்ணியும் எஸ்.என். ஓகலேயும் சேர்ந்து இங்கே மஹசீரைச் செயற்கை முறையில் இனப்பெருக்கம் செய்யவைத்துக் காட்டியவர்கள். இங்கிருந்து குஞ்சுகள் பல மாநில ஆறுகளுக்கும் ஏரிகளுக்கும் போயின. பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் சிவப்புப் பட்டியலில் அருகிவரும் இனமாக இருந்த நீலத்துடுப்பு மஹசீர், 2018-இல் அச்சம் குறைந்த இனமாக மாற்றப்பட்டது.

நல்லது நினைத்தும் நேர்ந்த கேடு

அந்த நீலத்துடுப்பு மஹசீர்கள் காவிரியிலும் விடப்பட்டன. காவிரிக்கென்றே சொந்தமான மஹசீர் வேறு. திமில்போல முதுகு உயர்ந்த, உலகின் மிகப் பெரிய மஹசீர் அது. வந்த இனம் பெருகப் பெருக, திமில் மஹசீர் குறைந்துகொண்டே போனது. அணைகளும் மணல் கொள்ளையும் வெடிவைத்து மீன் பிடிப்பதும் சேர்ந்துகொண்டன. 2018-இல் திமில் மஹசீர் மிக அருகிய இனமாகச் சிவப்புப் பட்டியலில் சேர்ந்தது. ஒரு மீனை ஓர் ஆற்றில் விடும் முன், அங்கே யார் இருக்கிறார்கள் என்று கேட்க வேண்டும் என்பதைக் காவிரி பெரிய விலை கொடுத்துக் கற்றுத் தந்திருக்கிறது.

பெயர் தெரியாமலே அழிய இருந்தது

ஒரு நூற்றாண்டுக்கு மேல் தூண்டில்காரர்கள் கொண்டாடிய திமில் மஹசீருக்கு 2018 வரை உறுதியான அறிவியல் பெயர் கிடையாது. கேரளத்தின் பாம்பாறில் 2007-இல் விவரிக்கப்பட்ட டோர் ரெமாதேவி என்ற இனமும் இதுவும் ஒன்றே என்று ஏட்ரியன் பிண்டர் தலைமையிலான குழு 2018-இல் நிறுவியது. சென்னையில் பணியாற்றிய மீனியல் அறிஞர் ரெமா தேவியைச் சிறப்பிக்கும் பெயர் அது. ஆய்வுக்கு மீன் கிடைத்த இடம் நீலகிரிச் சரிவில் ஓடும் மோயாறு. குழுவில் ஒருவர் அப்போது புனேயின் ஐசர் நிறுவனத்தில் இருந்த நீலேஷ் தஹாணுகர்.

சாமி மீன்

ராய்கட் மாவட்டத்தில் மகாடுக்கு அருகே வாலண் கோண்டில், ஆற்று மடு ஒன்றில் மஹசீர்கள் கூட்டமாக வாழ்கின்றன. அவை வரதாயினி தேவிக்கு உரியவை என்பதால் ஊரார் யாரும் பிடிப்பதில்லை. பக்தர்கள் இரை போடுகிறார்கள். எந்தச் சட்டமும் இல்லாமல் ஓர் ஊரின் நம்பிக்கையே அந்த மீனைக் காத்து வந்திருக்கிறது. பயண வழியில் இப்படிப்பட்ட மடு வந்தால் தூண்டிலை எடுக்காமல் கடந்து போங்கள்.

விடுவதற்கும் பயிற்சி வேண்டும்

பிடித்த மஹசீரை உயிரோடு திருப்பி விடுவதே இன்றைய மரபு. தூண்டில் முனையில் பின்னோக்கி நிற்கும் சிறு முள்ளைக் குறட்டால் நசுக்கிவிட்டுத்தான் வீச வேண்டும். உலர்ந்த கையால் மீனைத் தொட்டால் அதன் மேலுள்ள வழவழப்பு உரிந்து நோய் தொற்றும். கையை நனைத்துக்கொள்ளுங்கள். படகின் தரையிலோ மணலிலோ போடாதீர்கள். படம் எடுக்கிறவர் தயாரான பிறகே நீரிலிருந்து தூக்குங்கள். சில நொடிகள் போதும். பிறகு ஓட்டத்துக்கு எதிர்முகமாகப் பிடித்துக்கொண்டு, அதுவாக உதறிக்கொண்டு போகும்வரை காத்திருங்கள்.

காவல் போட்ட தூண்டில்காரர்கள்

1972-இல் பெங்களூரில் தோன்றிய தென்னிந்திய வனவிலங்குச் சங்கம், காவிரியின் சில பகுதிகளைக் குத்தகைக்கு எடுத்து, ஊர்க்காரர்களைக் காவலுக்கு வைத்து, வெடிக்காரர்களை விரட்டியது. முகாம்களில் முன்பு திருட்டுத்தனமாக மீன் பிடித்தவர்களே வழிகாட்டிகளாகிச் சம்பளம் பெற்றார்கள். மிதவைப் பயணத்துக்கான பணம் உள்ளூர்ப் படகோட்டிக்கும் சமையல்காரருக்கும் போய்ச் சேர்ந்தால், மீன் உயிரோடு இருப்பதில் அந்த ஊருக்கே அக்கறை வரும். திட்டத்தில் இந்தச் செலவைக் குறைக்காதீர்கள்.

ஒரு நோட்டுப் புத்தகம் எடுத்துக்கொள்ளுங்கள்

திமில் மஹசீர் அழிந்துவருவது எப்படித் தெரிந்தது? 1998 முதல் 2012 வரை காவிரி முகாமில் தூண்டில்காரர்கள் எழுதிவைத்த பதிவேடுகளால். எத்தனை மணி நேரம் வீசினார்கள், எந்த இனம் கிடைத்தது, என்ன எடை என்று 6,000-க்கும் மேற்பட்ட மீன்களின் விவரம் அதில் இருந்தது. 2015-இல் வந்த ஆய்வு அந்தக் குறிப்புகளின் மேல்தான் நின்றது. வேறு யாரிடமும் அந்தக் கணக்கு இல்லை. ஆகவே நீங்களும் எழுதுங்கள். தேதி, இடம், நீர்மட்டம், வீசிய நேரம், மீனின் இனம், நீளம், செதிலும் துடுப்பும் தெரியும்படி ஒரு படம். மீனே கிடைக்காத நாளையும் எழுதுங்கள். குறைவதைக் காட்டுவது அந்த நாள்கள்தான். திரும்பியதும் அந்த விவரத்தை மீன்வளத் துறைக்கோ பக்கத்துக் கல்லூரியின் விலங்கியல் துறைக்கோ கொடுங்கள். நீங்கள் மகிழ்ந்த ஆற்றுக்கு நீங்கள் செய்யக்கூடிய கைம்மாறு அது.